தண்ணீரில் போன பொந்தியானாக்

பொந்தியானாக் என்றால் பிள்ளைப்பேற்றில் செத்த பெண்ணின் ஆவி. 1957-இல் அவளை மலாய்த் திரைக்குக் கொண்டுவந்தவர் பி. என். ராவ், தமிழ்ப் படங்கள் இயக்கிவிட்டுக் கடல் தாண்டி வந்தவர். ஆவியாக நடித்த மரியா மெனாடோ இந்தோனேசியாவின் சுலாவேசிக்காரர். படம் சக்கைப்போடு போட்டது. அதே ஆண்டு இரண்டாம் பாகமும் வந்தது. இன்று இரண்டுமே இல்லை. தயாரிப்பாளர் ஹோ ஆ லோக் பிரதிகளைத் தண்ணீரில் வீசிவிட்டார் என்பார்கள். கதையோ நிஜமோ, 1958-இல் வந்த மூன்றாவது படமான ‘சும்பா பொந்தியானாக்’ மட்டும் தப்பியது.

மலாய் சினிமாவுக்கு நாற்று விட்டவர்களில் நம்மவர்கள் பலர். சென்னையில் பிறந்த எல். கிருஷ்ணன்தான் 1950-இல் ‘பக்தி’ படத்தில் மலாய் நட்சத்திரம் பி. ரம்லியை முதன்முதலாகக் கதாநாயகனாக்கினார். அந்தக் காலத்துக் கேத்தே-கெரிஸ் நிறுவனப் படங்களில் மிஞ்சிய 91, சிங்கப்பூரின் ஆசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. 2014-இல் யுனெஸ்கோவின் ஆசிய-பசிபிக் நினைவுப் பதிவேட்டிலும் ஏறின. இந்தோனேசியர்கள் 1975-இலேயே ஜகார்த்தாவில் சினிமாதெக் என்ற திரைப்படக் காப்பகத்தைத் தொடங்கிவிட்டார்கள். உஸ்மார் இஸ்மாயில் 1954-இல் எடுத்த ‘லெவாட் ஜாம் மாலாம்’ படத்தை இத்தாலியின் பொலோன்யாவில் சீர்செய்து 2012-இல் கான் விழாவில் திரையிட முடிந்ததென்றால், தேடிப்போகப் படச்சுருள் என்று ஒன்று இருந்ததால்தான்.

நம் மலேசியத் தமிழ்ப் படங்களுக்கு அதுவும் கிடையாது. தீபக் குமாரன் மேனனின் ‘செம்மண் சாலை’ (2005) டிஜிட்டலில் பிறந்த படம். பிறகு வந்தவற்றில் பலவும் அப்படித்தான். ஃபிலிம் நிறம் மங்கும், வினிகர் வாடை அடிக்கும், கெடுகிறேன் என்று முன்கூட்டியே சொல்லும். ஹார்டு டிஸ்க் ஒரு நாள் காலையில் சும்மா திறக்காது.

திருட்டுப் பிரதிகளைப் பற்றிப் பேசினால் பொல்லாப்பு வரும். வரட்டும். 2007-இல் திருட்டு வட்டுகளை மோப்பம் பிடிக்க லக்கி, ஃப்ளோ என்று இரண்டு லாப்ரடார் நாய்களை இறக்கினார்கள். வட்டுத் திருடர்கள் அவற்றின் தலைக்கு விலை வைத்த செய்தியை வாய்விட்டுச் சிரித்துப் படித்திருக்கிறோம். வட்டு போய் ஆண்ட்ராய்டு பெட்டி வந்தது. 2022-இல் திருத்திய பதிப்புரிமைச் சட்டம், அத்தகைய ஒளிபரப்புக் கருவி விற்பவருக்கு 2 லட்சம் வெள்ளி வரை அபராதமும் 20 ஆண்டு வரை சிறையும் வைத்திருக்கிறது. சட்டம் வேண்டியதுதான், இருநூறு பேர் பார்க்கும் படத்தில் ஐம்பது டிக்கெட் குறைந்தாலே தயாரிப்பாளர் வீட்டை அடகு வைக்க வேண்டும். ஆனால் பசார் மாலாம் என்ற இரவுச் சந்தைக் கடைகளில் என் கண்ணில் பட்டவை பெரும்பாலும் சென்னைப் படங்கள். நம் படத்தைத் திருடனும் சீந்தவில்லை என்பதுதான் கூடுதல் சோகம். திருடியிருந்தால் கிள்ளானில் யார் வீட்டு அலமாரியிலாவது ஒரு பிரதி கிடக்கும்.

ஸ்ட்ரீமிங் காப்பாற்றும் என்கிறார்கள். அந்தத் தளங்கள் வாடகை வீடுகள். ஒப்பந்தம் முடிந்தால் படம் நடுத்தெருவில். சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ 2016-இல் சிறந்த மலேசியப் படம் என்ற விருதை வாங்கியது. மலாய் அல்லாத படம் அந்த விருதுக்குப் போட்டியிடலாமா என்ற மொழிச் சண்டைக்குப் பிறகு கிடைத்த விருது. அந்தச் சண்டையில் பேசிய பேச்சில் கால்வாசி, மூலப் பிரதியைக் குளிர்சாதன அறையில் வைப்பதைப் பற்றியும் இருந்திருக்கலாம்.

தீபக்கின் அடுத்த படம் ‘சலங்கை’ (2007). கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸே அதன் களம். தெரு மாறிக்கொண்டிருந்த காலத்தில் எடுத்தது. அதைத் தேடி அதே தெருவில் ஒரு கடையில் கேட்டேன்.

“இருக்கு அண்ணே” என்று உள்ளே போன தம்பி, தூசி தட்டி எடுத்து வந்து நீட்டினார். கமல்ஹாசனின் ‘சலங்கை ஒலி’.