வெட்டத் தயங்கிய கத்தரி

பெருங் கம்பெனிகளின் தயவின்றிப் படமெடுத்த அமெரிக்கருள் மாயா டெரன் அம்மையார் முதல் வரிசையில் வைக்கத் தக்கவர். 1917-ல் கீவ் நகரிற் பிறந்து, சிறுபிராயத்திலேயே அமெரிக்கா சேர்ந்தவர். 1943-ல் தம் கணவர் அலெக்சாண்டர் ஹமீதுடன், குடியிருந்த வீட்டையே களமாக்கி, ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ என்னும் 14 நிமிடப் படத்தை எடுத்தார். நடித்தவரும் அவரே. அதில் ஒரு பெண் நடக்கிறாள். ஓரடி கடல் மணலில், ஓரடி புல்லில், ஓரடி நடைபாதையில், கடைசியடி வீட்டுக் கம்பளத்தில். 1945-ல் வந்த நடனப் படத்திலோ, காட்டில் தூக்கிய கால் ஓர் அறைக்குள் ஊன்றப்படுகிறது. இவை காமிராவின் ஜாலமல்ல. பிலிமை வெட்டி ஒட்டும் மேசையிற் பிறந்தவை. அம்மையாரின் மேதை அம்மேசையிலேயே இருந்தது என்பது என் துணிபு.

அத்தகையவர் 1947-ல் ஹெய்ட்டித் தீவுக்குச் சென்றார். கரும்புத் தோட்டங்களுக்கு அடிமைகளாய்க் கொணரப்பட்ட ஆப்பிரிக்கரின் சந்ததியார், தெய்வம் ஏறி ஆடும் சடங்குகளைப் பன்முறை படம் பிடித்தார். 1953-ல் அதுபற்றி அரியதொரு நூலும் எழுதினார். ஆனால் படத்தை மட்டும் முடித்தாரில்லை. 1961-ல் அவர் காலமானபோது சுருள்கள் பெட்டியிலேயே கிடந்தன.

சோம்பல் என்பார் உளர். பணமுடை என்பாரும் உளர். நூலின் முகவுரையில் அவரே விடை கூறுகிறார். கலைஞராய்த் தம் விருப்பப்படி இழைக்க வந்தவர், கண்டதைப் பணிவுடன் பதிவு செய்பவராய் மாறிவிட்டாராம். தெய்வம் ஏறுவது மெய்யா, மூட நம்பிக்கையா என்று நம்மவர் உடனே கேட்பர். கேட்கட்டும். ஆயின் இங்கே வழக்கு வேறு: பிறர் வாழ்வை நம் அழகுக்காக வெட்ட நமக்கு உரிமை யார் தந்தது?

1985-ல் அச்சுருள்களைப் பிறர் தொகுத்து, விளக்கவுரை சேர்த்து, ‘டிவைன் ஹார்ஸ்மென்’ என்று வெளியிட்டனர். பார்க்கக் கிடைத்தது நன்மையே, மறுக்கவில்லை. எனினும் அதனை அம்மையாரின் படமென்று எண்ணுவது தகாது. ஒவ்வோர் ஆட்டத்தின் மீதும் ஒரு குரல் பொருள் சொல்லிக்கொண்டே செல்கிறது. பேச்சே இல்லாமற் படமெடுத்துக் காட்டியவருக்கு இது பொருந்துமா?

அக்குரலை அடைத்துவிட்டு இரண்டாம் முறை பார்த்தேன். முழவோசையும் உடன் போயிற்று, அது நஷ்டந்தான். ஆயினும் ஆடுவோரின் தோளசைவு அப்பொழுதுதான் கண்ணிற் பட்டது.