துடைப்பமும் பாடநூலும்: ‘ஜூட்டன்’, ‘கருக்கு’ தன்வரலாறுகளில் கல்வி நிறுவனம்

முன்னுரை

இந்திய மொழிகளில் வெளிவந்துள்ள தலித் தன்வரலாறுகளைப் பற்றிய திறனாய்வுகள் பெரும்பாலும் அவற்றை வலியின் பதிவுகளாகவே அணுகி வந்துள்ளன. எழுதியவர் அடைந்த அவமானம், அதை அவர் தாங்கிய விதம், அதிலிருந்து மீண்டெழுந்த மனவுறுதி ஆகியவையே மீண்டும் மீண்டும் பேசப்படுகின்றன. இவ்வணுகுமுறை பிழையானதன்று, ஆயினும் முழுமையானதும் அன்று. இந்நூல்களில் எழுதியவருக்கு இணையான இடத்தைப் பெறும் மற்றொரு பாத்திரம் உண்டு. பள்ளி, கல்லூரி, விடுதி, மடம் எனப் பல வடிவங்களில் வரும் நிறுவனமே அது. அந்நிறுவனம் எவ்வாறு இயங்குகிறது, எதை மாற்றிக்கொள்கிறது, எதை மாற்றிக்கொள்ள மறுக்கிறது என்பனவற்றை நுட்பமாகப் பதிவு செய்தவை என்ற நிலையிலும் இவை படிக்கப்பட வேண்டும்.

பன்மைத்துவம், சமநீதி, உள்ளடக்கம் ஆகிய சொற்கள் இன்று உயர்கல்வி ஆவணங்களில் மிகுதியாக வழங்குகின்றன. 2020ஆம் ஆண்டின் தேசியக் கல்விக் கொள்கையில் உயர்கல்வியில் சமநீதி, உள்ளடக்கம் குறித்துத் தனி இயலே உள்ளது. இச்சொற்கள் நிறுவனத்தை மாற்றும் ஆற்றல் பெற்றவையா, அல்லது மாறாத நிறுவனம் தன்னைப் பற்றித் தானே கூறிக்கொள்ளும் நற்சொற்களா என்னும் வினா இயல்பாகவே எழுகிறது. இவ்வினாவை இந்தியில் ஓம்பிரகாஷ் வால்மீகி எழுதிய ‘ஜூட்டன்’ (1997), தமிழில் பாமா எழுதிய ‘கருக்கு’ (1992) ஆகிய இரு நூல்களின் துணையோடு ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இரு நூல்கள், இரு நிறுவனங்கள்

வால்மீகி 1950இல் உத்தரப்பிரதேசத்தின் முசாபர்நகர் மாவட்டத்திலுள்ள பர்லா என்னும் ஊரில், துப்புரவுத் தொழிலோடு பிணைக்கப்பட்ட சூஹ்ரா சாதியில் பிறந்தவர். ‘ஜூட்டன்’ என்பது உண்டவர் இலையில் எஞ்சும் எச்சிலைக் குறிக்கும் சொல். அவருடைய பள்ளிப் பருவம் விடுதலைக்குப் பிந்தியது. தீண்டாமையை ஒழித்து அரசியலமைப்பின் 17ஆம் பிரிவு நடைமுறைக்கு வந்த ஆண்டே அவர் பிறந்த ஆண்டு. எனவே, சட்டம் திறந்துவிட்ட வாயிலின் வழியே நுழைந்த முதல் தலைமுறையின் கதை இது எனலாம்.

பாமா 1958இல் இன்றைய விருதுநகர் மாவட்டப் பகுதியிலுள்ள புதுப்பட்டியில் தலித் கிறித்தவக் குடும்பத்தில் பிறந்தவர். அவர் எதிர்கொண்டது, சாதியில்லை என்று போதித்த சமய நிறுவனம். பள்ளி, விடுதி, கன்னியர் மடம் ஆகிய மூன்றும் அதன் முகங்கள். ஏழைப் பிள்ளைகளுக்குப் பணி செய்யும் நோக்குடன் மடத்தில் சேர்ந்து, ஏழு ஆண்டுகளுக்குப் பின் வெளியேறிய நிலையில் ‘கருக்கு’ வெளிவந்தது.

ஒன்று அரசு நிறுவனம். மற்றது சமய நிறுவனம். முன்னது சட்டத்தின் பெயரால் சமத்துவத்தை அறிவித்தது. பின்னது இறைவனின் பெயரால் அறிவித்தது. அடிப்படை வேறாக இருப்பினும் இரண்டும் உள்ளே வந்தவரிடம் நடந்துகொண்ட முறை வியப்பூட்டும் அளவுக்கு ஒத்திருக்கிறது. இவ்வொப்புமையே இவ்விரு நூல்களையும் இணைத்துப் படிக்கத் தூண்டுகிறது.

துடைப்பம்

‘ஜூட்டன்’ நூலில் பலராலும் எடுத்துக்காட்டப்படும் நிகழ்ச்சி, தலைமையாசிரியர் சிறுவனைப் பள்ளியைக் கூட்டிப் பெருக்கச் செய்வதாகும். மரத்தில் ஏறிக் கிளைகளை ஒடித்துத் துடைப்பம் கட்டும்படி ஆணையிடப்படுகிறது. வகுப்பறைகளும் விளையாட்டுத் திடலும் பெருக்கப்படுகின்றன. அடுத்த நாளும் அதே வேலை. மூன்றாம் நாள் வகுப்பில் சென்று அமர்ந்த சிறுவன் வெளியே இழுத்துவரப்படுகிறான். அவ்வழியே சென்ற தந்தை அதைக் கண்டு, மகனின் கையிலிருந்த துடைப்பத்தைப் பறித்தெறிந்து, தலைமையாசிரியரைத் துரோணரின் வழிவந்தவர் எனச் சாடுகிறார்.

இந்நிகழ்ச்சி வழக்கமாக ஒரு கொடிய ஆசிரியரின் செயலாகவும், ஒரு தந்தையின் வீரமாகவும் விளக்கப்படுகிறது. நிறுவன நோக்கில் அணுகும்போது வேறொன்று புலப்படும். சிறுவனின் பெயர் வருகைப் பதிவேட்டில் இருக்கிறது; அவன் சேர்க்கப்பட்டுவிட்டான். சேர்க்கையின் அளவில் சட்டம் நிறைவேறிவிட்டது. ஆனால் சேர்க்கப்பட்டவனுக்கு எந்த வேலையைத் தரலாம் என்னும் முடிவு பழைய ஊர் ஒழுங்கின்படியே எடுக்கப்படுகிறது. ஊரில் அவன் குடும்பத்துக்கு விதிக்கப்பட்ட தொழில், பள்ளி வளாகத்துக்குள் அவனைப் பின்தொடர்ந்து வருகிறது. மதில் எழுப்பப்பட்டிருப்பினும் ஊரும் பள்ளியும் வேறுவேறாக இல்லை.

‘கருக்கு’ நூலிலும் துடைப்பம் வருகிறது. ஆனால் அங்கு அது பாமாவின் கையில் இல்லை. அவர் மடத்துக்குள் சென்றபின், செல்வர் வீட்டுப் பிள்ளைகள் பயிலும் பள்ளியில் வகுப்பறைகளைக் கழுவுவோரும் கழிப்பறைகளைத் துப்புரவு செய்வோரும் தம் சமூகத்தினராகவே இருப்பதைக் காண்கிறார். துறவியாக உள்ளே சென்ற ஒருவர், தம் உறவினர் எவ்விடத்தில் வைக்கப்பட்டுள்ளனர் என்பதை உள்ளிருந்தே காணும் நிலை இது. வால்மீகி வேலைக்கு உட்படுத்தப்பட்டவர். பாமா அவ்வேலைப் பங்கீட்டால் பயன்பெறும் நிறுவனத்தின் உறுப்பினர். ‘கருக்கு’ எழுப்பும் அறச்சிக்கல் இவ்வேறுபாட்டில் வேர்கொண்டுள்ளது. தனக்கு இடம் கிடைத்துவிட்டது என்பதனாலேயே நிறுவனம் நீதியுடையதாகிவிடாது என்னும் தெளிவே அவரை வெளியேறச் செய்கிறது.

ஐயமும் மதிப்பீடும்

துடைப்பம் கண்ணுக்குப் புலனாவது. நிறுவனத்தின் நுட்பமான கருவிகள் அவ்வளவு எளிதில் புலனாவதில்லை. ‘கருக்கு’ நூலின் பள்ளிப் பகுதியில், பிள்ளைகள் விளையாடும்போது தென்னையிலிருந்து ஒரு காய் விழுகிறது. சிறுமி திருடிவிட்டதாக மறுநாள் பழி சுமத்தப்படுகிறது. நீதி வேண்டிப் பங்குச் சாமியாரிடம் சென்றால், சேரியைச் சேர்ந்தவளாதலால் செய்திருக்கக்கூடும் என்னும் முடிவே அவரிடம் முன்கூட்டி இருக்கிறது. இங்கு மறுக்கப்படுவது நம்பகத்தன்மை. முறையிடுவதற்கு ஓர் இடம் இருக்கிறது; அவ்விடத்தில் அமர்ந்திருப்பவர் யாருடைய சொல்லை நம்புவது என்பதை முன்பே தீர்மானித்துவிட்டார்.

‘ஜூட்டன்’ நூலில் இதற்கு இணையானது வேதியியல் ஆய்வகம் பற்றிய பகுதி. மேனிலைக் கல்வியின்போது ஆசிரியர் ஒருவர் ஏதேனும் ஒரு காரணம் கூறி வால்மீகியைச் செய்முறை வகுப்பிலிருந்து விலக்கி வைக்கிறார். விளைவாகச் செய்முறைத் தேர்வில் அவர் தோல்வியடைகிறார். ஊரை விட்டு தேராதூன் சென்று படிப்பைத் தொடர நேர்கிறது. பதிவேட்டில் எஞ்சுவது தோல்வி என்னும் ஒரு சொல் மட்டுமே. ஆய்வகத்தின் கதவு அடைக்கப்பட்டிருந்த செய்தி எந்தப் பதிவேட்டிலும் இடம்பெறாது. பாகுபாட்டைத் தகுதியின்மையாக மாற்றிப் பதியும் ஆற்றல் நிறுவனத்துக்கு உண்டு என்பதை இப்பகுதி காட்டுகிறது. தன்வரலாறு என்னும் இலக்கிய வகையின் தேவையும் இங்கேதான் விளங்குகிறது. பதிவேடு விட்டுவிட்டதை எழுதும் மாற்றுப் பதிவேடாக அது அமைகிறது.

இது கடந்த காலத்துச் செய்தி எனக் கருதுவோர் உளர். தில்லி அனைத்திந்திய மருத்துவ அறிவியல் கழகத்தில் பட்டியல் சாதி, பழங்குடி மாணவர்கள் நடத்தப்படும் விதத்தை ஆராய 2006இல் சுகதேவ் தோரட் தலைமையில் குழு அமைக்கப்பட்டது. 2007இல் அளிக்கப்பட்ட அதன் அறிக்கை, செய்முறை மற்றும் வாய்மொழித் தேர்வுகளில் நேர்மையற்ற மதிப்பீடு பற்றிய முறையீடுகளையும், விடுதியில் இம்மாணவர்கள் தனித்து ஒதுங்க நேர்ந்ததையும் எடுத்துரைத்தது. வால்மீகியின் ஆய்வக அனுபவத்துக்கும் இவ்வறிக்கைக்கும் இடையே ஏறத்தாழ 40 ஆண்டுகள் இடைவெளி உண்டு. ஓர் ஊர்ப் பள்ளியின் ஆய்வகமும் நாட்டின் தலைசிறந்த மருத்துவக் கழகமும் ஒரே வகைக் குற்றச்சாட்டுக்கு உள்ளாகின்றன. 2012இல் பல்கலைக்கழக மானியக் குழு உயர்கல்வி நிறுவனங்களில் சமநீதியை மேம்படுத்துவதற்கான விதிமுறைகளை வெளியிட நேர்ந்ததும் இப்பின்னணியிலேயே ஆகும்.

நுழைவு பொருளற்றதா?

இவ்விடத்தில் ஒரு மறுப்பை எண்ணிப் பார்க்க வேண்டும். நிறுவனம் மாறவில்லை என்றால் வால்மீகியும் பாமாவும் எழுத்தாளராக உருப்பெற்றது எவ்வாறு? பள்ளிக்குள் நுழைந்திராவிட்டால் இவ்விரு நூல்களும் பிறந்திருக்குமா? இம்மறுப்பு வலிமையானது. இரு நூல்களுமே கல்வியை ஒருபோதும் இழித்துப் பேசவில்லை. மகன் படித்தே தீரவேண்டும் என்ற வால்மீகியின் தந்தையின் பிடிவாதமும், படிப்பால் மட்டுமே மதிப்புப் பெறமுடியும் என்ற பாமாவின் அண்ணனின் அறிவுரையும் அந்நூல்களின் முதுகெலும்பாக அமைந்தவை. எனவே, நுழைவு பயனற்றது என்னும் முடிவுக்கு இந்நூல்கள் இடம் தரவில்லை.

அவை சொல்வது வேறு. நுழைவினால் நிறுவனத்துக்குள் ஒரு சாட்சி உருவாகிறது. அதற்கு முன்பும் அநீதி நிகழ்ந்தது. அதை உள்ளிருந்து கண்டு எழுத ஆள் இல்லை. ஆனால் சாட்சியின் சொல் ஏற்கப்படும் இடத்தில் யார் இருக்கிறார் என்பதைப் பொறுத்தே அடுத்த கட்டம் அமைகிறது. வால்மீகிக்கு மதிப்பெண் இடுபவரும், பாமாவின் முறையீட்டைக் கேட்பவரும் மாறாதவரை சாட்சி எழுத்தாக மட்டுமே எஞ்சும். மாணவர் சேர்க்கையில் நிகழ்ந்த மாற்றம் ஆசிரியர், தேர்வாளர், பாடத்திட்டக் குழு உறுப்பினர் என்னும் நிலைகளுக்கு உயரும்போதுதான் நிறுவனம் மாறத் தொடங்குகிறது.

இம்மேல்நிலைகளில் மாற்றம் எவ்வளவு எளிதாகத் தடைப்படும் என்பதற்கு ஆசிரியர் நியமனச் சுழற்சிப் பட்டியல் சான்றாகும். 200 புள்ளிப் பட்டியலின்படி பிற பிற்படுத்தப்பட்டோருக்கு முதல் இடம் நான்காவது பணியிடத்திலும், பட்டியல் சாதியினருக்கு ஏழாவதிலும், பழங்குடியினருக்குப் பதினான்காவதிலும் அமையும். பல்கலைக்கழகம் முழுவதும் ஓர் அலகாகக் கொள்ளப்பட்டால் இவ்வெண்கள் விரைவில் எட்டப்படும். துறையே அலகு என 2017இல் அலகாபாத் உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதையொட்டி மானியக் குழு 2018இல் ஆணை வெளியிட்டது. மூன்று பணியிடங்கள் உள்ள ஒரு துறை ஏழாவது நியமனத்தை எட்டப் பல பத்தாண்டுகள் ஆகலாம். தமிழகத்துக்கு வெளியே தமிழ் கற்பிக்கப்படும் பல பல்கலைக்கழகங்களில் அத்துறையின் அளவை எண்ணிப் பார்ப்போருக்கு இதன் பொருள் நன்கு விளங்கும். ஒதுக்கீட்டின் விழுக்காட்டில் ஓர் எண்ணும் குறைக்கப்படவில்லை; அலகு மட்டுமே மாற்றப்பட்டது. நாடு தழுவிய எதிர்ப்புக்குப் பின், 2019இல் முதலில் அவசரச் சட்டமாகவும் பின்னர் நாடாளுமன்றச் சட்டமாகவும் மத்தியக் கல்வி நிறுவனங்களில் பல்கலைக்கழகமே அலகு என்னும் நிலை மீட்கப்பட்டது.

பாடத்திட்டமும் திறனாய்வும்

நிறுவனத்துக்குள் மாணவர் நுழைந்ததைப் போலவே நூல்களும் நுழைந்துள்ளன. ‘ஜூட்டன்’, ‘கருக்கு’ ஆகிய இரண்டும் ஆங்கில மொழிபெயர்ப்பின் வழியே இந்தியாவின் பல பல்கலைக்கழகங்களில் பாடமாயின. இந்நூல்கள் எழுப்பும் வினா இந்நூல்களின் நிலைக்கும் பொருந்துவதாகும். ‘தலித் இலக்கியம்’ என்னும் ஒற்றை அலகுக்குள் வைக்கப்பட்டு, ஆண்டுதோறும் ஒரே வகையான தேர்வு வினாவுக்கு உரியதாகும் நூல் உண்மையில் எங்கு அமர்த்தப்பட்டிருக்கிறது? தன்வரலாறு, நடையியல், மொழிக்கொள்கை, கல்வி வரலாறு ஆகிய தாள்களில் அதற்கு இடம் தரப்படுவதில்லை. பேச்சுமொழியைக் கதைமாந்தர் உரையாடலோடு நிறுத்தாமல் எடுத்துரைப்பு முழுமைக்கும் பயன்படுத்திய ‘கருக்கு’, தமிழ் உரைநடை வரலாற்றைக் கற்பிக்கும் தாளில் பேசப்பட வேண்டிய நூல். அங்கு அது வாராமை, வால்மீகி கரும்பலகைக்குத் தொலைவில் அமர்த்தப்பட்டதை நினைவூட்டுகிறது.

விருந்தினராக வைக்கப்பட்ட நூலை எளிதில் வெளியேற்றவும் முடியும். 2021 ஆகஸ்டில் தில்லிப் பல்கலைக்கழகத்தின் கண்காணிப்புக் குழு, ஆங்கில இளங்கலைச் சிறப்புப் படிப்பின் பெண் எழுத்துத் தாளிலிருந்து மகாசுவேதா தேவியின் ‘திரௌபதி’ சிறுகதையையும், பாமா, சுகிர்தராணி ஆகியோரின் ஆக்கங்களையும் நீக்கியது. கல்விப் பேரவை உறுப்பினர் பதினைவர் எதிர்ப்புக் குறிப்பு அளித்தனர். எனினும் நீக்கம் நிறைவேறியது. பாடம் நடத்துவோரின் கருத்தைவிட, முடிவெடுக்கும் குழுவின் அமைப்பே இறுதியில் வென்றது என்பது இங்குக் கருதத்தக்கது.

இந்நூல்களை வலியின் பதிவாக மட்டும் விளக்கும் திறனாய்வுக்கும் இதில் பங்குண்டு. இரக்கத்தின் பொருட்டுச் சேர்க்கப்பட்ட நூல், இரக்கம் வற்றியவுடன் நீக்கத்தக்கதாகிவிடும். அறிவின் பொருட்டு, அதாவது நிறுவனம் பற்றி வேறெந்த நூலும் தராத அறிவின் பொருட்டுச் சேர்க்கப்பட்ட நூலை நீக்குவோர் அதற்கு விடை சொல்லியாக வேண்டும்.

முடிவுரை

மேற்கண்ட ஆய்வால் பெறப்படுவன வருமாறு: ‘ஜூட்டன்’, ‘கருக்கு’ ஆகிய இரு நூல்களும் சேர்க்கையையும் மாற்றத்தையும் வேறுபடுத்திக் காட்டுகின்றன. வேலைப் பங்கீடு, நம்பகத்தன்மை, மதிப்பீடு ஆகிய மூன்று களங்களில் நிறுவனம் பழைய ஒழுங்கைப் பேணிக்கொள்வதை அவை பதிவு செய்துள்ளன. அரசு, சமயம் என்னும் வேறுபாடு இதில் பெரிதும் பொருட்படுத்தத்தக்கதாக இல்லை. உள்ளடக்கம் என்பது முடிவெடுக்கும் இடங்களை எட்டும்போதே நிறுவன மாற்றத்தின் விசையாகிறது. அதற்கு முன் அது பதிவேட்டில் ஏறிய ஒரு பெயராகவே நிற்கிறது.

இந்நூல்களைப் பாடமாக வைத்துள்ள இலக்கியத் துறைகள் தம் பாடத்திட்டக் குழுவையும், மதிப்பீட்டு முறையையும், முறையீடு கேட்கும் ஏற்பாட்டையும் இவற்றின் ஒளியில் ஆராய்ந்து பார்ப்பது, இவற்றுக்கு எழுதப்படும் மற்றுமொரு விளக்கவுரையைக் காட்டிலும் பயனுடையதாகும்.