வீட்டுக் கணினிகள்: இரு மரபுகளும் அவற்றின் இந்தியக் கிளைகளும்

வீட்டுக் கணினி என்பது, பெரும்பாலும் தொலைக்காட்சிப் பெட்டியையே திரையாகவும் கேசட் பதிவுக்கருவியையே சேமிப்பகமாகவும் கொண்டு, மின்சாரம் பாய்ந்ததும் ‘பேசிக்’ என்னும் நிரல்மொழியில் ஆணைக்குக் காத்து நின்ற எளிய கருவியைக் குறிக்கும். 1977இல் ஆப்பிள் II, காமடோர் பெட், டி.ஆர்.எஸ்.-80 ஆகிய மூன்றும் அமெரிக்காவில் வெளிவந்தபோது தொடங்கிய இம்மரபு, அவற்றின் மூளையாக விளங்கிய செயலியை வைத்துத் தொடக்கத்திலேயே இரண்டாகக் கிளைத்தது.

முதல் கிளையின் வேர், சக் பெடில் குழுவினர் 1975இல் உருவாக்கி 25 டாலருக்கு விற்ற 6502 செயலியாகும். மற்றதன் வேர், இன்டெல் நிறுவனத்திலிருந்து வெளியேறிய ஃபெடரிக்கோ ஃபாகின் தொடங்கிய சைலாக் நிறுவனம் 1976இல் வெளியிட்ட இசட்-80 ஆகும். பதிவகம் என்பது கணக்கிடும்போது செயலி எண்களை வைத்துக்கொள்ளும் சிற்றறை. 6502 மிகச் சில பதிவகங்களோடு சிக்கனமாக இயங்க, இசட்-80 அவற்றை மிகுதியாகக் கொண்டிருந்தது. ஒன்றுக்கென எழுதிய இயந்திரமொழி நிரல் மற்றொன்றில் ஓடாது. ஒரே கிளைக்குள்ளும் பேசிக் வழக்கும் கேசட்டில் பதியும் முறையும் வேறுபட்டதால், அயல்வீட்டுக் கேசட் பல வேளைகளில் பயனற்ற நாடாவாகவே இருந்தது.

இப்போட்டி மிகக் கூர்மையடைந்த இடம் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் நகரம். கிளைவ் சின்கிளேரிடம் பணியாற்றி விலகிய கிறிஸ் கர்ரி, ஹெர்மன் ஹவுசருடன் சேர்ந்து 1978இல் ஏகார்ன் நிறுவனத்தைத் தொடங்கினார். பி.பி.சி. ஒளிபரப்பு நிறுவனம் தன் கணினிக் கல்வித் தொடருக்கு ஒரு கருவியைத் தேடியபோது சின்கிளேரும் ஏகார்னும் போட்டியிட, வாய்ப்பு ஏகார்னுக்குக் கிடைத்து, 1981 டிசம்பரில் 6502 வழிவந்த பி.பி.சி. மைக்ரோ பிறந்தது. சின்கிளேர் 1982 ஏப்ரலில் இசட்-80 கொண்ட ஸ்பெக்ட்ரத்தை 125 பவுண்டிலிருந்து கிடைக்கும்படி இறக்கினார்.

கற்பிக்கும் முறையிலும் இவை இரண்டும் தனித்தனிப் பள்ளிகளாகவே நின்றன. ஸ்பெக்ட்ரத்தின் ரப்பர் விசைகளில் வரித் தொடக்கத்தில் ‘பி’ விசையை ஒருமுறை தொட்டால் ‘பிரிண்ட்’ என்ற முழுச்சொல்லே திரையில் விழும். நிரலைக் கேசட்டிலிருந்து ஏற்றும்போது, திரையின் ஓரத்தில் முதலில் சிவப்பும் வெளிர்நீலமுமாகவும், பின்பு நீலமும் மஞ்சளுமாகவும் கோடுகள் ஓட, நான்கைந்து நிமிடம் காத்திருக்க வேண்டும். பி.பி.சி. பேசிக்கோ, நிரலைப் பெயரிட்ட சிறுகூறுகளாகப் பிரித்து எழுத இடம்தந்து, மாணவரை ஒழுங்கான சிந்தனைக்குப் பழக்கியது. மொழியின் தரத்தில் பி.பி.சி.யே உயர்ந்தது என்பதில் ஐயமில்லை. ஆயினும் எளிய குடும்பங்களின் வீட்டுக்குள் நுழைந்த பெருமை ஸ்பெக்ட்ரத்துக்கே உரியது.

கேம்பிரிட்ஜில் ஒரே கடைத்தெருவில் மோதிக்கொண்ட இவ்விரண்டும் இந்தியாவுக்கு வந்தபோது, ஒன்றையொன்று எதிர்கொள்ளாமல் வெவ்வேறு வாசல்களில் நுழைந்தன. நடுவண் அரசு 1984இல் தொடங்கிய ‘கிளாஸ்’ என்னும் பள்ளிக் கணினிக் கல்வித் திட்டத்தில், முதற்கட்டமாகச் சுமார் 250 பள்ளிகளுக்குப் பி.பி.சி. மைக்ரோ வழங்கப்பட்டது, பின்னர் அதன் இந்திய வடிவத்தை ‘யூனிகார்ன்’ என்ற பெயரில் செமிகண்டக்டர் காம்ப்ளக்ஸ் என்னும் அரசு நிறுவனம் தந்தது. ஸ்பெக்ட்ரம் பிளஸ், டெசிபெல்ஸ் என்ற தனியார் நிறுவனத்தின் உரிமத் தயாரிப்பாக 1986இல் விற்பனைக்கு வந்து, 1990 வாக்கில் சந்தையிலிருந்து மறைந்தது. போட்டி இருந்திருந்தால் விலையும் இறங்கியிருக்கும், கருவியும் பரவியிருக்கும். பள்ளியில் ஒரு கருவியும் வீட்டில் வேறொன்றுமாக அமைந்ததால், வகுப்பில் கற்றதை வீட்டில் தொடரும் வாய்ப்பு மாணவர்க்கு அரிதாயிற்று.

தமிழைப் பொறுத்தவரை இரு கருவிகளும் ஒரே சுவரில்தான் முட்டி நின்றன. இரண்டிலும் பயனர் தாமே ஓர் எழுத்தை வரைந்துகொள்ள வழி இருந்தது. ஆனால் ஒவ்வோர் எழுத்தும் எட்டுக்கு எட்டுப் புள்ளிக் கட்டத்துக்குள் அடங்க வேண்டும். ஒரு சுழிக்கு நடுவில் வெற்றுப்புள்ளியும் இருபுறமும் கோடும் தேவை. ‘ண’வின் மூன்று சுழிகளை ஒட்டி வரைந்தாலே ஏழு புள்ளி போய்விட, அடுத்த எழுத்துக்கு ஒரு புள்ளி இடைவெளி விட்டபின், இறங்கும் காலுக்கு இடமே இருக்காது. மேலும் ஸ்பெக்ட்ரம் இவ்வாறு வரைய அளித்தவை 21 இடங்களே. தமிழின் உயிரும் மெய்யும் மட்டுமே 30. சுழி சிதையாத தமிழுக்கு, நுண்ணிய திரையும் மிகுந்த நினைவகமும் கொண்ட பிற்காலக் கணினிகள் வரவேண்டியிருந்தது.

ஒரு கருவியின் நிரல் மற்றொன்றில் ஓடாத சிக்கலைத் தீர்க்கப் பொதுத் தரம் ஒன்றை நிறுவும் முயற்சியாக, கசுஹிகோ நிஷியின் முனைப்பில் 1983இல் ஜப்பானில் அறிவிக்கப்பட்ட எம்.எஸ்.எக்ஸ்., எந்த நிறுவனத்தின் கருவியிலும் ஒரே நிரல் ஓடவேண்டும் என்ற நல்ல கொள்கையோடு வந்தாலும், காமடோர் 64 வேரூன்றிவிட்ட அமெரிக்காவிலும் ஸ்பெக்ட்ரம் நிறைந்த இங்கிலாந்திலும் அதற்கு இடம் கிடைக்கவில்லை. இறுதியில் தரமாக நிலைத்தது, 1981இல் அலுவலகத்துக்காகப் பிறந்த ஐ.பி.எம். பி.சி.யின் வழியே.

ஆயினும் வீட்டுக் கணினி மரபு அதோடு அறுந்துவிடவில்லை. ஏகார்ன் பொறியாளர்கள் அடுத்த கருவிக்குச் செயலி தேடி, 6502 வழித்தோன்றலை வடிவமைத்த அமெரிக்கக் கூடத்துக்குச் சென்றபோது, ஒரு சிறு குழுவே அதைச் செய்வதைக் கண்டு, தாமும் செய்யலாம் எனத் துணிந்தனர். சோஃபி வில்சனும் ஸ்டீவ் ஃபர்பரும் வடித்த அந்தச் செயலி 1985 ஏப்ரலில் இயங்கியது. அதன் பெயர் ஆர்ம். நம் கைபேசிக்குள் இன்று இயங்குவது அதன் வழிவந்த செயலியே.