மூன்று நிமிடத் தோடி

நிமிடத்துக்கு 78 முறை சுழன்ற பழைய கிராமபோன் இசைத்தட்டுகளைக் கச்சேரியின் நறுக்கிய துண்டுகள் என்று கருதுவது வழக்கமாக இருப்பினும், அவற்றைத் தொடர்ந்து கேட்டுப் பழகிய செவிக்கு அவை தமக்கே உரிய இலக்கணம் கொண்ட தனியொரு கலைவடிவமாகவே விளங்கும். பத்து அங்குலத் தட்டின் ஒரு பக்கம் ஏறத்தாழ மூன்று நிமிடங்களே ஓடும். அந்த எல்லைதான் இவ்வடிவத்தின் இலக்கணத்தை வகுத்தது.

எமில் பெர்லினர் 1887இல் காப்புரிமை பெற்ற கிராமபோனின் அடிப்படை எளிமையானது. பாடுபவரின் குரலதிர்வுகள் தட்டின் சுருள்வரியில் இடவலமாக நெளியும் தடமாகப் பதிகின்றன. ஒலிக்கும்போது அந்நெளிவைத் தொடரும் முள் ஒலிப்பெட்டியின் மென்தகட்டை அதிரவைக்க, கூம்புக் குழல் அவ்வதிர்வைப் பெருக்கிச் செவிக்குச் சேர்க்கிறது. அரக்குப் பூச்சியிலிருந்து கிடைக்கும் அரக்கோடு கல்தூளும் கரியும் கலந்து அழுத்தப்பட்டதே அக்காலத் தட்டு. கல்தூளின் சொரசொரப்பு எஃகு முள்ளைத் தேய்த்துத் தடத்தின் வடிவுக்குப் பொருந்தச் செய்ததால்தான் முள்ளை அடிக்கடி மாற்ற வேண்டியிருந்தது. பாட்டின் பின்னணியில் ஓயாமல் கேட்கும் இரைச்சலுக்கும் அதுவே பெரிதும் காரணம்.

கோயில் வீதிகளில் தோடி ராகத்தை மணிக்கணக்கில் விரித்து வாசித்த நாகஸ்வரக் கலைஞர் டி. என். ராஜரத்தினம் பிள்ளையின் புகழ்பெற்ற தோடி ஆலாபனைத் தட்டு, மேற்சொன்ன இலக்கணத்துக்குத் தலைசிறந்த சான்று. ஆலாபனை என்பது தாளக்கட்டின்றி ராகத்தின் உருவத்தைப் படிப்படியாக எழுப்பிக் காட்டுவது. படிகளுக்கு நேரமில்லாத தட்டிலோ, ராகத்தின் உயிர்நாடியான பிடிகளையே முதலில் ஊதி, அவற்றிலிருந்து முழு உருவத்தையும் கேட்பவர் உணருமாறு செய்ய வேண்டியிருந்தது. எதை விடுவது என்னும் தேர்வே இங்கு கற்பனையின் உச்சமாகிறது.

ஒலிப்பதிவு முறையும் கலையின் போக்கைத் தீர்மானித்தது. 1925இல் மின்முறைப் பதிவு வருவதற்கு முன் கலைஞர் கூம்பின் வாய்க்கு நேராக நின்று பாட வேண்டியிருந்ததால், பாடகி கோயம்புத்தூர் தாயியின் குரல்போல் கூர்மையும் விரைந்த பிருகாக்களும் கொண்ட சாரீரங்களே தட்டில் துலங்கின. அவருடைய பதிவொன்றை அடிப்படையாகக் கொண்டு பிரெஞ்சு இசையமைப்பாளர் மோரிஸ் தெலாழ் ‘ராகமாலிகா’வை இயற்றும் அளவுக்கு அத்தட்டு தன்னளவில் நிறைவுற்றிருந்தது. மைக் வந்த பின்னரே மெல்லொலிகளுக்கும் இடம் கிடைத்தது. மிருதங்கத் துணையின்றித் தாழ்ந்த ஒலியில் வாசித்த வீணை தனம்மாளின் நாதம் இன்றும் கேட்கக் கிடைப்பது அம்மாற்றத்தின் பயனே.

இவ்வடிவம் கேட்பவரிடமும் பயிற்சியை எதிர்பார்க்கிறது. சாவி கொடுத்து இயக்கும் பெட்டியின் வேகம் நூற்றுக்கு ஆறு பங்கு கூடினால் சுருதி ஏறத்தாழ அரை சுரம் உயர்ந்துவிடும். தொடக்ககாலத் தட்டுகள் எல்லாம் சரியாக 78 சுழற்சியில் பதிவானவையும் அல்ல. ஆகவே, குரலின் இயல்பும் கமகங்களின் அசைவும் பொருந்திவரும் வேகத்தைச் செவியாலேயே தேடி நிறுத்தும் ரசிகர், சுருதி சேர்க்கும் தம்பூராக் கலைஞருக்கு நிகரான பணியைச் செய்கிறார்.

ஒரு பக்கத்தில் இருபது நிமிடங்களுக்கும் மேலாக ஓடும் நெடுந்தட்டு 1948இல் அறிமுகமாகிப் பரவியபோது, இச்சுருக்கத்தின் தேவை நீங்கியது. அதனோடு அந்தத் தேவை வளர்த்த நுட்பமும் அருகியது. எஞ்சிய அரக்குத் தட்டுகளில் மிகுதியாகக் கேட்கப்பட்டவற்றின் வரிகள் கறுப்பு வெளிறிச் சாம்பல் நிறமேறிக் காணப்படும். பாடியவரின் குரல் ஒருமுறை செதுக்கிய அதே தடத்தில், விரும்பிக் கேட்டவர்கள் தங்கள் பங்கைத் தேய்மானமாக எழுதிச் சென்றிருக்கிறார்கள்.