பொருள் எங்கேருந்து வருது?

பொருளை அணு அணுவாகப் பிரித்து இன்னொன்றாகக் கட்டிவிடும் எந்திரம் வருகிற கதை எதைப் படித்தாலும், எந்தப் படத்தைப் பார்த்தாலும் எனக்கு முதலில் எழுகிற கேள்வி இதுதான்: சரி, பொருள் எங்கேருந்து வருது? மளிகைக்கடைக் கணக்கு மாதிரி இருக்கும். ஆனால் இந்த வகைக் கதைகளைச் சலிக்க இதைவிட நல்ல சல்லடை எனக்குக் கிடைக்கவில்லை.

1959 டிசம்பரில் ரிச்சர்ட் ஃபெய்ன்மன் கால்டெக்கில் ஓர் உரை ஆற்றினார். அணுக்களை வேண்டிய இடத்தில் ஒவ்வொன்றாக வைப்பதை எந்த இயற்பியல் விதியும் தடுக்கவில்லை என்றார். 1986-ல் எரிக் டிரெக்ஸ்லர் ‘எஞ்சின்ஸ் ஆஃப் கிரியேஷன்’ எழுதினார். அதில் வரும் ‘அசெம்பிளர்’ மூலக்கூறுகளைக் கோத்து எதையும் செய்யும். தன்னைப் போலவே இன்னொன்றையும் செய்துகொள்ளும். கட்டுப்பாடு தவறினால் உலகத்தைத் தின்று சாம்பல் நிறக் கூழாக்கிவிடும் என்ற பயமும் அதே புத்தகத்தில்தான் வருகிறது. நாவல்காரர்களும் சினிமாக்காரர்களும் கூழை மட்டும் பிடித்துக்கொண்டார்கள். கணக்கு போட்டவர் ராபர்ட் ஃப்ரெய்டாஸ், 2000-ல். தின்னவும் பெருகவும் ஆற்றல் செலவாகும், செலவானால் வெப்பம் வரும். வேகமாகத் தின்றால் அந்த வெப்பமே காட்டிக்கொடுத்துவிடும் என்றார். வேதியியலாளர் ரிச்சர்ட் ஸ்மாலியின் ஆட்சேபம் இன்னும் அழகு: அணுவைப் பிடிக்கிற விரலும் அணுவால் ஆனதுதானே, அது தடியாக இருக்கும், பிடித்ததை விடாமல் ஒட்டிக்கொள்ளும். டிரெக்ஸ்லர் ஒப்புக்கொள்ளவில்லை. நானோ நாவல்கள் பலவற்றைவிட இந்தச் சண்டையைப் படிப்பது எனக்கு சுவாரசியம்.

தமிழில் இந்தக் கற்பனையை எல்லாரும் பார்த்தது ‘எந்திரன்’ (2010) கிளைமாக்ஸில். அங்கே அலகு அணு இல்லை, ஆள் உயர ரோபோ. மற்றபடி அதே கனவுதான்: ஒரே மாதிரி அலகுகள் ஒட்டிச் சேர்ந்து பந்தாக, பாம்பாக, பூதமாக மாறுவது. அந்தக் காட்சியைக் கேலி செய்யாத ஆள் இல்லை. ஆனா கணக்கு பாருங்க, சரியா இருக்கு. பாம்பு எத்தனை சிட்டிகளால் ஆனது என்று எண்ணிவிடலாம். ஒட்டவைப்பது காந்தம். சிட்டிக்கு சார்ஜ் தீரும் என்பதை ரயில் சண்டையிலேயே சொல்லிவிடுகிறார்கள்; மேலே போகிற மின்கம்பியைத் தொட்டுத்தான் அவன் திரும்ப எழுகிறான். வசனத்தில் பங்குள்ள சுஜாதாவுக்கு இந்தக் கணக்குப் புத்தி உண்டு.

‘2.0’ (2018) இன்னும் ஒரு படி மேலே போய் அங்கிருந்து வழுக்கிவிட்டது. அந்த ராட்சதப் பறவைக்குப் பொருள் எங்கேருந்து வருது? நம்ம கையிலேருந்து. ஊரில் உள்ள போன் எல்லாம் பறந்துபோய் இறகாகிறது. ஒரு உருவம் உண்டாக இன்னொருவர் கை காலியாக வேண்டும் என்பதைக் காட்சியாகவே சொன்ன தமிழ்ப் படம் எனக்குத் தெரிந்து இதுதான். அப்புறம் ‘ஆரா’ வந்தது. ஆற்றல் எங்கிருந்து என்ற கேள்விக்கு ‘மனசிலிருந்து’ என்று பதில் வந்ததும் படம் தொய்ந்துபோனது. நல்ல வேளை, குட்டி ரோபோக்கள் புறாமேல் ஏறி வந்து கொஞ்சம் காப்பாற்றின.

எங்க ஊர் குடவாசலுக்கே இந்த மாதிரி ஒரு கதை உண்டு. பிரளயத்தில் மிதந்து வந்த குடத்தில் அமுதமும் உலகத்தைத் திரும்பப் படைப்பதற்கான வித்துகளும் இருந்தன. அம்பு பட்டு உடைந்ததில் மூக்கு கும்பகோணத்திலும் வாய் இங்கேயும் விழுந்தது என்பார்கள். டிரெக்ஸ்லர் கேட்டிருந்தால் ரசித்திருப்பார். அந்தக் கதையிலும் கணக்கு உண்டு: வித்துகளை முன்னாடியே சேர்த்துவைத்தாக வேண்டும். வெறும் குடத்திலிருந்து உலகம் வரவில்லை.

குடம் விழுந்த ஊரின் வயலுக்கு இப்போது வேறொரு பாத்திரம் வந்திருக்கிறது. 500 மில்லி பாட்டில், பெயர் நானோ யூரியா. இஃப்கோ 2021-ல் சந்தைக்குக் கொண்டுவந்தது. 2022 மே மாதம் குஜராத்தின் கலோலில் ஆலையைப் பிரதமர் திறந்துவைத்தார். ஒரு பாட்டில் 45 கிலோ மூட்டைக்குச் சமம் என்பது விளம்பரம். இதை உர விஷயம் என்று விவசாயப் பக்கத்துக்குத் தள்ளிவிடாதீர்கள். நம் காலத்தில் மிக அதிகம் பேருக்குச் சொல்லப்பட்ட நானோ கதை இது. சல்லடையை இதற்கும் பிடிப்போம்.

யூரியாவில் நைட்ரஜன் 46 சதவீதம். 45 கிலோ மூட்டையில் 20 கிலோவுக்கு மேல். 2021-ல் வந்த பாட்டிலில் இருந்தது 4 சதவீதம், அதாவது 20 கிராம். ஆயிரம் மடங்கு வித்தியாசம். மூட்டை யூரியாவில் பெரும்பகுதி பயிருக்குப் போகாமல் வீணாகிறது என்பது உண்மை. முக்கால்வாசி வீண் என்றே வைத்துக்கொண்டாலும் பயிருக்கு 5 கிலோ போகிறது. அந்தப் பாட்டிலில் ஒரு துளி வீணாகாவிட்டாலும் 20 கிராம்தான். நெல்மணியில் இருக்கும் புரதத்துக்கு நைட்ரஜன் வேண்டும். துகளைச் சின்னதாக்கினால் அணுக்களின் எண்ணிக்கை கூடாது. 2023-ல் கோபன்ஹேகன் பல்கலைக்கழக விஞ்ஞானிகள் இருவர் ‘பிளாண்ட் அண்ட் சாயில்’ இதழில் இதைத்தான் கேட்டார்கள். அடியுரம் வழக்கம்போல போடணும், மேலுரத்துக்கு மாற்றுதான் இது என்பது இஃப்கோ தரப்பு. தங்கள் சோதனைகளில் மகசூல் சராசரியாக 8 சதவீதம் கூடியது என்றும் சொல்கிறார்கள். லூதியானாவின் பஞ்சாப் வேளாண் பல்கலைக்கழகம் இரண்டு வருஷம் சோதித்ததில் நெல் 13 சதவீதமும் கோதுமை 21.6 சதவீதமும் குறைந்தது. தானியத்தின் புரதமும் குறைந்தது.

நானோ கதைகளில் ஆபத்து என்றால் எந்திரம் கட்டுமீறுவதுதான். இங்கே எதுவும் கட்டுமீறவில்லை. பாட்டில் சாதுவாக அலமாரியில் இருக்கிறது. மூட்டை வேணும்னா இதையும் சேர்த்து வாங்கு என்று சொல்கிற கடையில், இரண்டையும் தூக்கிக்கொண்டு வருகிறார் ஒருத்தர். தெளிப்புக் கூலி தனி. கதிர் கொஞ்சம் சிறுத்தால் மழையைச் சொல்வார்கள், விதையைச் சொல்வார்கள், பக்கத்து வயல் தண்ணியைச் சொல்வார்கள். 20 கிராம் என்று சொல்ல யாருக்கும் தோணாது. ‘கூழ்’ பயத்தில் ஊறிய அறிவியல் புனைகதைக்கு இந்த ஆபத்தைப் பார்க்கும் கண் இன்னும் வரவில்லை. ‘2.0’ அந்தப் பறந்துபோகிற போன்களில் ஒரு நிமிஷம் அதைத் தொட்டது. போனைப் பறிகொடுத்தவர்கள் அதன்பிறகு என்ன செய்தார்கள் என்று நின்று பார்க்காமல் சண்டைக்குப் போய்விட்டது. நான் படிக்க ஆசைப்படும் தமிழ் நானோ கதை அந்த இடத்தில் நிற்கும். அதில் ஒருத்தர் சீட்டின் பின்பக்கத்தில் 45-ஐ 46-ஆல் பெருக்கிக்கொண்டிருப்பார்.