பாலையா: கேட்கிற முகம்

கோட்டை மாரியம்மன் மாசித் திருவிழாவின்போது திண்டுக்கல்லில் எங்கள் தெருவில் குழாய் கட்டி ‘திருவிளையாடல்’ வசனக் காசெட் போடுவார்கள். படத்தைப் பார்ப்பதற்குப் பல வருஷங்கள் முன்பே எனக்கு அது காதால் மனப்பாடம். நாகேஷின் தருமி முழுக்க அந்தக் குழாய் வழியாக வந்துவிட்டான். ஹேமநாத பாகவதராக டி. எஸ். பாலையாவும், செருக்கோடு வார்த்தைகளை இழுத்து மெல்லும் அந்தக் குரலோடு, வந்தார். பின்னால் படத்தைப் பார்த்தபோதுதான் தெரிந்தது, வந்தது பாதி பாலையா என்று. விறகு விற்பவனின் பாட்டை அவர் கேட்கிற இடம் காசெட்டில் வெறும் பாட்டு; டி. எம். சௌந்தரராஜன் பாடுகிறார், அவ்வளவுதான். திரையிலோ ஒரு வித்வான் பேச்சில்லாமல் தோற்றுக்கொண்டிருக்கிறான். உலகமே அசைவற்று நிற்பதாக ஏ. பி. நாகராஜன் அங்கே தந்திரக் காட்சி வேறு செய்திருக்கிறார். அந்த முகம் இருக்கும்போது அது எதற்கு என்றுதான் தோன்றுகிறது.

நம் வட்டத்தில் பாலையா பேச்சு வந்தால் ‘நாடகத்தனம்’ என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடுவது வழக்கம். நானும் அப்படிச் சொல்லியிருக்கிறேன். அது பொய்யல்ல. 1914-இல் பிறந்து, நாடக மேடையிலிருந்து 1936-இல் எல்லிஸ் ஆர். டங்கனின் ‘சதி லீலாவதி’ மூலம் சினிமாவுக்கு வந்தவர் அவர். எம். ஜி. ஆருக்கும் என். எஸ். கிருஷ்ணனுக்கும் அதுவே முதல் படம். அடுத்த வருஷம் ‘அம்பிகாபதி’யில் தியாகராஜ பாகவதருக்கு எதிராக ருத்ரசேனன். இந்த வில்லன் வரிசையில் எனக்குப் பெரிய அக்கறை இல்லை. ‘தூக்குத் தூக்கி’ (1954) சேட்டு சிரிக்க வைக்கிறான். ஆனால் அது குரலின் சாமர்த்தியம். அவருடைய உண்மையான திறனுக்கு முதல் தடயம் ‘வேலைக்காரி’யில் (1949) கிடைக்கிறது. அண்ணாதுரையின் வசனத்தை கே. ஆர். ராமசாமி ஆவேசமாகப் பொழிய, அதை எதிரில் நின்று வாங்கிக்கொள்ளும் நண்பன் மணி.

வங்கியில் கவுண்டருக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருப்பவன் நான். நகைக்கடனுக்கு அவகாசம் கேட்டு வேடசந்தூர்ப் பக்கத்திலிருந்து வருகிற விவசாயி பேசும்போது என் முகம் என்ன செய்கிறது என்று எனக்குத் தெரியும். ஒன்றும் செய்வதில்லை. அவர் முடிக்கட்டும் என்று காத்திருக்கிறது. நம் நடிகர்களில் பெரும்பாலோர், எதிராளி பேசும் நேரத்தில், இந்த குமாஸ்தா முகத்தைத்தான் வைத்துக்கொள்கிறார்கள். தன் வசனத்தின் முறைக்காகக் காத்திருக்கும் முகம்.

ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) மகன் நாகேஷ் அப்பா பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சியை எல்லோரும் நாகேஷின் காட்சியாக நினைவு வைத்திருக்கிறார்கள். நாகேஷிடம் இருப்பது கதையல்ல; கொஞ்சம் சத்தம், கொஞ்சம் கைவீச்சு. காடும் இருட்டும் உண்டாவது பாலையாவின் முகத்தில். முதலில் உதவாக்கரை மகனைப் பற்றிய அலட்சியம். பிறகு, பணக்கார அப்பாவுக்குத் தான் பயப்படுகிறோமே என்ற வெட்கம். அதை மறைக்க ஒரு முறைப்பு. கடைசியில் மறைக்கவும் முடியாமல் போகிறது. அவர் உச்சரிப்பது சில அரைகுறைச் சொற்கள் மட்டுமே. அந்த முகம் நம்பியிராவிட்டால் நாம் சிரித்திருக்க முடியாது. இந்தப் படத்தை ஸ்ரீதரே 1966-இல் ‘ப்யார் கியே ஜா’ என்று ஹிந்தியில் எடுத்தார். அங்கே கதை சொன்னவர் மெஹ்மூத், கேட்டவர் ஓம் பிரகாஷ். பிலிம்பேரின் நகைச்சுவை நடிகர் பரிசு கதை சொன்னவருக்குப் போனது. ஹாலிவுட்டில் 1936-ஆம் வருஷப் படங்களிலிருந்தே துணை நடிகருக்குத் தனிப் பரிசு உண்டு. நம் தேசிய விருதில் அது 1984-ஆம் வருஷப் படங்களுக்குத்தான் வந்தது. பாலையா 1972-இலேயே இறந்துவிட்டார்.

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் அவருக்குத் தவில்காரர் வேஷம் கிடைத்தது தற்செயலாக இருக்கலாம். ஆனால் பொருத்தம் தற்செயலல்ல. தவில்காரருக்குக் காதுதான் முதல். நாதஸ்வரம் எங்கே போகிறது என்று கேட்ட பிறகே கை விழ வேண்டும். சிவாஜி வாசிக்கும்போது முத்துராக்குவின் தலையசைப்பில், ரசிகனின் லயிப்பை விட, கூட வாசிப்பவனின் உஷார் அதிகம். குடிகாரச் சேஷ்டைகள் கொஞ்சம் மிகைதான். அதை ஒப்புக்கொள்கிறேன்.

இதையெல்லாம் சொன்னபோது ஒரு கவிஞ நண்பர், “பேய்க்கதைக் காட்சி ஸ்ரீதரின் கத்தரிக்கோல் செய்த வேலை, நடிகனின் சாதனை அல்ல” என்றார். அப்படியானால் வேறொருவர் இயக்கிய ‘பாமா விஜயம்’ (1967) பாருங்கள் என்றேன். நடிகையின் வருகைக்காக மூன்று பிள்ளைகளும் மூன்று மருமகள்களும் கடன் வாங்கி ஆடம்பரம் செய்யும் வீட்டில், அந்த அப்பா பேசாமல் நிற்கும் இடங்களை மட்டும் எண்ணிக்கொண்டே பாருங்கள் என்றேன். பாலசந்தர் படத்தில் எவன் பேசாமல் நிற்கிறான் என்று சிரித்தார்.