ஒரு பாட்டும் இருபத்தேழு சதுர்யுகமும்

உலகங்கள் பலவாயின் அவற்றுக்குரிய காலமும் பலவாதல் வேண்டுமா, அன்றி ஒன்றாதல் வேண்டுமா என்னும் வினா புராண ஆசிரியர்க்குப் புதியதன்று. மானிடர்க்கு ஓராண்டு தேவர்க்கு ஒரு நாள் என்றும், 1000 சதுர்யுகம் பிரமனுக்கு ஒரு பகல் என்றும் அவர்கள் வகுத்தனர். இவ்வாய்பாட்டை மனனஞ் செய்வார் பலர். ஒரு கதையினுட் புகுந்தபின் அஃது ஆங்கு நிலைபெறுகின்றதா என்று சோதிப்பார் சிலரே. அச்சோதனைக்குத் தக்கது, பாகவதத்தின் ஒன்பதாங் கந்தத்தும் விட்டுணு புராணத்தின் நான்காம் அம்சத்தும் வரும் ககுத்மியின் கதை.

கடலிடையமைந்த குசத்தலியை ஆண்ட ககுத்மி, மகள் இரேவதிக்கேற்ற மணமகனை வினவும்பொருட்டு அவளையும் உடன்கொண்டு பிரமலோகஞ் சென்றான். ஆங்குக் கந்தருவர் இசை நிகழ்ந்துகொண்டிருந்தது. அது முடியுந்துணையும் காத்திருந்து, தன் மனத்துட்கொண்ட வரன்களைப் பற்றிக் கூறினான். பிரமன் நகைத்தான், அவர்களும் அவர்தம் மக்களும் பேரரும் மாண்டொழிந்தனர், 27 சதுர்யுகங் கழிந்தது என்றான்.

27 என்பது வியப்புக்காக வீசிய எண்போலத் தோன்றும். ஆயின் கணக்கிட்டு நோக்குக. ஒரு சதுர்யுகம் 43,20,000 ஆண்டு. 27 சதுர்யுகம் 11 கோடியே 66 இலட்சத்து 40 ஆயிரம் ஆண்டு. பிரமனது பகலை 30 நாழிகையாகக் கொண்டால் இத்துணையும் அதில் முக்கால் நாழிகைக்குச் சற்றே மிகும். நமது கடிகாரத்தில் 19 நிமிடமும் சில செக்கனும். ஓர் இராகத்தை ஆலாபனையோடு பாடி முடிக்கும் நேரம் அதுவே! வாய்பாடு கதையினுள் வழுவவில்லை.

இதனினும் வியத்தற்குரியது பிறிதொன்றுளது. கோணேசர் கோயிலில் இன்று சங்கற்பஞ் செய்யுங் குருக்கள், வைவச்சுவத மன்வந்தரத்து 28ஆம் சதுர்யுகத்தின் கலியுக முதற்பாதம் என்றே காலத்தைக் குறிக்கின்றார். ககுத்மியோ அம்மனுவின் வழித்தோன்றலாகிய ஆனர்த்தனின் பேரன். ஆதலின் முதற் சதுர்யுகத்தவன். 27 கழிய 28 ஆகின்றது. கோத்திர வரலாறும், பாட்டின் நீளமும், பூசையின் வாசகமும் ஒரு புள்ளியிற் கூடுகின்றன. எத்துறையில் நங்கூரமிடினும் கிறீனிச் நேரத்தையே காட்டிய பழங் கப்பற் கடிகாரம் போன்றது சங்கற்பம். இலங்கையின் கடிகாரங்கள் 1996இல் முன்தள்ளப்பட்டு 2006இல் மீளப் பின்னிழுக்கப்பட்டபோதும் அதில் ஓரெழுத்தும் மாறவேண்டியிருக்கவில்லை.

ஈண்டு ஒரு தடை எழுப்பலாம். ககுத்மி கிருதயுகத் தொடக்கத்திற் புறப்பட்டவனாயின், சரியாக 27 சதுர்யுகங் கழிந்தபின் மீண்டும் கிருதயுகத்திலன்றோ இறங்கல் வேண்டும்? அவன் கண்டதோ துவாபர முடிவிலிருந்த பலராமனை. இடைவெளி 38,88,000 ஆண்டு. தடை வலியதே. எனினும் பிரமனது பகலில் அஃது ஏறக்குறைய 39 செக்கன். வணங்கி எழுந்து வாய்திறக்க அவ்வளவு செல்லும்.

கச்சியப்ப சிவாசாரியரின் கந்தபுராணத்தை இதனோடு ஒப்பிடின் வேறுபாடு தெளிவாம். சூரபன்மன் 1008 அண்டங்களை 108 யுகம் ஆளும் வரம்பெற்றான். எந்த அண்டத்து யுகம்? காவியம் அதனைப் பொருட்படுத்தவில்லை. ஒரு செங்கோலின்கீழ் எல்லா அண்டமும் ஒரே காலத்தில் நடக்கின்றன. குழவிப்பருவத்துப் பானுகோபன் கதிரவனையே தொட்டிற்காலிற் பிணிக்கின்றான். காலம் ஆங்கு அளக்கப்படும் பொருளன்று, சிறைப்படும் பொருள். கொடுங்கோன்மையைக் காட்ட இக்கற்பனை மிகப் பொருந்துவது. கணக்கின் நுட்பத்தை அதிற் தேடுவது வீண்.

ககுத்மி கதையின் உயிர் கணக்கன்று என்பதும் உண்மை. பிரமன் அனைத்துமறிந்தவன்; ஆயினும் கழிந்ததை மீட்டுத் தருகின்றானல்லன். உலகங்களுக்கிடையே காலம் ஒழுங்காய் நிற்றற்குக் கொடுக்கும் விலை அது. ஒருவனுக்காக வாய்பாடு நெகிழுமாயின் எவர்க்கும் அஃது உறுதி பயவாது. பாகவதப்படி, மீண்டுவந்த மன்னனின் உடன்பிறந்தார் புண்ணியசனர்க்கஞ்சித் திசைதொறும் சிதறிப்போயினர். நகர் அவர்களது அன்று. 2006இல் பெயர்ந்து ஒன்பதாண்டின்பின் மீளத் தொடங்கிய சம்பூர் மக்களைக் கண்டோர்க்கு இப்பகுதி விளக்கம் வேண்டாது. இத்துயரைப் பாகவதம் ஒரு சுலோகத்தளவிற் கடந்துவிடுவது குறையே.

இரேவதியின் நிலை இதனினும் அரிது. முன்யுகத்தவளாதலின் அவள் மிக உயர்ந்திருந்தாள் என்றும், பலராமன் தன் கலப்பை நுனியால் அவளைத் தாழ்த்திப் பிற மகளிர்க்கு ஒப்பாக்கினான் என்றும் விட்டுணு புராணங் கூறும். ஒரு காலத்தவரை மற்றொரு காலத்தின் அளவுக்குப் பொருத்தும் மந்திரம் இக்கதையில் இஃதொன்றே. அதற்கு அரசகருவியைக் கொள்ளாது உழுபடையைக் கொண்டது நயமுடைத்து. ஆயின் அவளது சம்மதத்தை எவரும் வினவவில்லை. தந்தை மகளை ஒப்படைத்துத் தவத்துக்கேகினான். 27 சதுர்யுகத்தைத் தந்தையோடு கடந்துவந்த அவள் இவ்வரலாற்றில் ஒரு சொல்லும் பேசினாளில்லை.